நீலத் தண்ணி

ரங்காத்தாள்: மெதுவாப் பேசுங்க, ஜெயபாண்டி தம்பி. எங்க ஊட்டுக்காரரு கீழ பனியன் கம்பெனியிலதான் இருக்கறாரு. பிளம்பரைக் கூப்பிட்டது அவருக்குத் தெரியாது.

ஜெயபாண்டி: பாத்ரூம் வெஸ்டர்ன் கோப்பையைப் பாக்க வர்றதுல என்னம்மா ரகசியம்?

ரங்காத்தாள்: என் முட்டி ஆபரேசனுக்குன்னு போட்டதுங்க இது. கொஞ்ச நாளா இதைச் சுத்தி ஈரம். வாசம் வேற...

ஜெயபாண்டி: ஒழுகுதுன்னு சொல்லுங்க.

ரங்காத்தாள்: ஒழுகறது கோப்பையா, அவரான்னு தெரியலீங்க.

ஜெயபாண்டி: ஓ...

ரங்காத்தாள்: அவருக்கு எழுவது வயசாச்சு. எனக்கு முன்னாடி எந்திரிச்சு, யாருக்கும் தெரியாம பாத்ரூமைக் கழுவி உட்டுடறாரு. கேட்டா ரோசம் வந்துரும். சாயங்காலக் காப்பியைக் கூட நிறுத்திப் பாத்தேன்.

ஜெயபாண்டி: பாவம் அய்யா.

ரங்காத்தாள்: உடுமலையில பொண்ணு சுபஸ்ரீ புது ஊடு கட்டிக் கூப்பிட்டுட்டே இருக்குது. அங்க சம்பந்தி முன்னால இவரு கூச்சப்பட்டு நிக்கக் கூடாதுல்லீங்க? எனக்கு முட்டி வலின்னு சொல்லித் தட்டிக் கழிச்சுட்டு வர்றேன். நாளைக்கு அவரை டாக்டர்கிட்டக் கூட்டிட்டுப் போறேன். அதுக்கு முன்ன, கோப்பையில ஏதாச்சும் கோளாறு இருந்துட்டா...

ஜெயபாண்டி: சொட்டு நீலம் இருக்காம்மா?

ரங்காத்தாள்: இருக்குது. எதுக்கு?

ஜெயபாண்டி: உள்ள கலக்கித் தண்ணி விடுவோம். சுத்தி இந்தப் பேப்பரை விரிங்க. நீலமானா கோப்பை. ஆகலைன்னா டாக்டர்.

ரங்காத்தாள்: முருகா... ஊத்துங்க.

ஜெயபாண்டி: இருங்க, இன்னொருக்கா விடுறேன்.

ரங்காத்தாள்: ஒண்ணுமே காணோமுங்களே.

ஜெயபாண்டி: ஆளு பாரம் வேணும். மூடி மேல உக்காருங்கம்மா, நான் தண்ணி விடுறேன்.

ரங்காத்தாள்: உங்க முன்னாலயா? இந்த வயசுல இதெல்லாம்... தம்பி, அந்த மூலையில பாருங்க.

ஜெயபாண்டி: நீலம்.

ரங்காத்தாள்: நீலமேதானுங்க.

அர்த்தநாரி: அம்மிணி, மாடியில பேச்சுச் சத்தம் கேட்டு வந்தேன், இவரு யாரு? கோப்பை மேல உக்காந்து எதுக்கு அழுவற?

ரங்காத்தாள்: அழுவலீங்க. சிரிக்கறேன்.

ஜெயபாண்டி: கோப்பைக்கு அடியில ஒழுகுதுய்யா. கழட்டப் போறேன்.

அர்த்தநாரி: ஒழுகுதா... கோப்பையா? நல்லாப் பாத்தீங்களா?

ஜெயபாண்டி: பேப்பரைப் பாருங்க... கொஞ்சம் தள்ளிக்கங்க, தூக்குறேன். இதென்னய்யா, பைப் வாயைச் சுத்திப் பனியன் துணி?

அர்த்தநாரி: அது... காலருக்கு வெச்சுத் தெக்கற ரிப்புத் துணி.

ரங்காத்தாள்: ஏனுங்க?

அர்த்தநாரி: பழைய டைல்ஸ் மேலயே புதுசு ஒட்டுனமல்ல, பைப் வாய் கீழ போயிருச்சு. கோப்பைக்கும் பைப்புக்கும் நடுவுல வெக்கற மெழுகு வளையம் எட்டலைன்னு கொத்தனாரு சொன்னாரு. கீழ வேஸ்ட்டுத் துணி கெடந்துது. சுத்தி அமுக்கச் சொல்லிட்டேன்.

ரங்காத்தாள்: பனியன் தண்ணியக் குடிக்கறதுக்குங்க. நிறுத்தறதுக்கா?

அர்த்தநாரி: எக்ஸ்போர்ட் துணி, அம்மிணி.

ஜெயபாண்டி: தடிச்ச மெழுகு வளையம் போட்டா எட்டும். ஆனா அம்மா கையூனி உக்காரையில கோப்பை ஆடுது. மெழுகு ஒருக்கா அமுங்குனா மறுபடி எந்திரிக்காது. உசரமான ரப்பர் சீல்னா ஆட்டத்துக்கு நெகிழ்ந்து குடுக்கும். அடியில ஆப்பு வச்சு ஆட்டத்தையும் நிறுத்திட்டா முடிஞ்சது. வண்டியில இருக்கு, எடுத்தாரேன்.

அர்த்தநாரி: போயி எடுத்துட்டு வாங்க, சாமி... அப்பாடா.

ரங்காத்தாள்: நாளைக்கு டாக்டர்கிட்டப் போக வேண்டாமுங்க.

அர்த்தநாரி: உன் முட்டிக்கா?

ரங்காத்தாள்: உங்களுக்குத்தான்... அந்த ஈரம், உங்களாலன்னு நெனச்சுப் போட்டேன்.

அர்த்தநாரி: என்னாலயா? அப்ப என் சாயங்காலக் காப்பி...

ரங்காத்தாள்: அதுக்குத்தானுங்க.

அர்த்தநாரி: அடிப்பாவி.

ரங்காத்தாள்: இப்பவே வெக்கறேன். சுபஸ்ரீக்குப் போனைப் போட்டு நாளைக்கே வர்றோம்னு சொல்லுங்க. ஏனுங்க... உங்களுக்கு ஒண்ணுமில்லைன்னா, எனக்கு முன்னாடி எந்திரிச்சு எதுக்குக் கழுவுனீங்க?

அர்த்தநாரி: ஆபரேசன் பண்ணுன கால்ல அவசரத்துக்கு உன்னால நடக்க முடியலையாட்ட இருக்குதுன்னு... நீ எந்திரிச்சுப் பாத்தா சங்கடப்படுவியேன்னுதான், அம்மிணி.