அரை மணி டாக்டர்

மேடையில் அமர்ந்திருக்கும் மருத்துவமனை இயக்குநர் அவர்களே, எனக்கு முன்னால் பேசி எல்லாரையும் கண்கலங்க வைத்த மருத்துவர்களே, முன்வரிசையில் தலைகுனிந்து உட்கார்ந்திருக்கும் எங்களுக்கெல்லாம் அக்காவான எங்கள் டாக்டரின் துணைவியாரே, டாக்டரின் கைபட்டுப் பிழைத்து இன்று தம் காலால் நடந்து வந்திருக்கும் அன்பர்களே! இதயத் துடிப்புப் பிரிவின் தலைமைச் செவிலியாகிய நான் உங்கள் எல்லாரையும் வணங்குகிறேன்.

எனக்கு மேடைப் பேச்சு வராது, அதட்டத்தான் வரும். அது இந்த மண்டபத்தில் பாதிப் பேருக்குத் தெரியும். "ஹெட்மிஸ்ட்ரஸ், கொஞ்சம் மெதுவா. அவங்க பேஷண்ட், உங்க ஸ்டூடண்ட் இல்ல" என்று என்னைக் கிண்டல் செய்தே காலத்தை ஓட்டியவர் எங்கள் டாக்டர். இப்போது மெதுவாகப் பேசு என்று சொல்ல ஆளில்லை. அதனால் இன்று சத்தமாகவே பேசப் போகிறேன். பொறுத்துக்கொள்ளுங்கள்.

அழுதுவிட்டுப் போக மட்டும் நான் மைக் பிடிக்கவில்லை. எனக்கு ஒரு வழக்கு இருக்கிறது. கதவோரத்தில், கடைசி வரிசையில், நீலச் சட்டை போட்ட ஒருவர் இருக்கிறார் பாருங்கள். எலக்ட்ரீஷியன். பக்கத்தில் அவர் மகள். பள்ளிக்கூட வேன் ஓட்டுகிறவள். அந்தப் பெண்ணுக்கு நாளைக் காலையில் எங்கள் அறையில் சிகிச்சை. நேற்று இவர் எனக்கு போன் செய்தார். "சிஸ்டர், டாக்டரே போயிட்டாரு. இனிமே யாரை நம்பி எம் பொண்ணு நெஞ்சுல கை வைக்க விடுறது? வேண்டாம், பேரை எடுத்துடுங்க" என்றார். நான் எடுக்கவில்லை. "நாளைக்குக் கூட்டத்துக்கு வாங்க. நான் பேசி முடிச்சதும் சொல்லுங்க, எடுத்துடறேன்" என்றேன். வந்திருக்கிறார். மகளிடம் கேட்டுவிட்டுத்தான் இதைச் சபையில் சொல்கிறேன். "தாராளமா சொல்லுங்க சிஸ்டர். எனக்கு வரணும்னுதான் இருக்கு, ஆனா அப்பா மனசை நோகடிச்சிட்டு வரமாட்டேன்" என்றாள் அவள்.

சபையோரே! எங்கள் டாக்டர் வாழ்நாள் முழுக்கப் பார்த்தது ஒரே ஒரு கோளாறு என்றே சொல்லலாம். தாய் வயிற்றில் இதயம் உருவாகும்போது அதன் மேலறைக்கும் கீழறைக்கும் நடுவே ஒரு மெல்லிய இழை அறுபடாமல் தங்கிவிடும். மின்சாரம் போக வேண்டிய வழி ஒன்றுதான். இந்தப் பிள்ளைகளுக்கு மட்டும் பிறவியிலேயே குறுக்கு வழி ஒன்று கூடுதலாக இருக்கும். வருடக்கணக்கில் சத்தமே இருக்காது. திடீரென்று ஒரு நாள் மின்சாரம் ஒரு வழியாக இறங்கி இன்னொரு வழியாக ஏறிச் சுற்ற ஆரம்பிக்கும். நெஞ்சு தறிகெட்டு அடிக்கும். சிலர் மயங்கி விழுவார்கள். போய்க் காட்டினால் என்ன சொல்வார்கள்? "டென்ஷன்மா, நல்லா தூங்கு" என்பார்கள். இந்தப் பெண்ணுக்கும் அதைத்தான் சொல்லியிருக்கிறார்கள். நல்லவேளை, அவள் மயங்கியபோது பிள்ளைகளை இறக்கிவிட்டு வேனை நிறுத்தியிருந்தாள். அன்றைக்கே சாவியை உரிமையாளரிடம் கொடுத்துவிட்டு வந்தவள்தான். இன்னும் ஸ்டியரிங்கைத் தொடவில்லை.

டாக்டருக்கு அவளுடைய ஈசிஜியைப் பார்த்ததும் முகம் மலர்ந்துவிட்டது. அந்தக் கோட்டில் செங்குத்தாக எழ வேண்டிய இடம் சரிவாக எழும். அதைக் கண்டால் அவருக்கு ஊரில் பழைய சிநேகிதனைப் பார்த்த மாதிரி. அப்பாவைக் கூப்பிட்டு உட்கார வைத்து, "எக்ஸ்ட்ரா வயர் ஒண்ணு ஓடுது, அவ்வளவுதான்" என்றார். இந்த மனிதர் சும்மா இருந்தாரா? "எந்த கான்ட்ராக்டர் சார் போட்டது?" என்று கேட்டார்! டாக்டர் சிரித்த சிரிப்பு வெளி வராந்தாவரை கேட்டது. "அந்த கான்ட்ராக்டர்கிட்ட போய் நாம சண்டை போட முடியாதுங்க. வயரைத்தான் தேடிப் பிடிச்சுப் பொசுக்கணும்" என்றார். அன்றிலிருந்து இவர்கள் இரண்டு பேரும் மாமன் மச்சான் மாதிரிப் பேசிக்கொண்டார்கள். அதனால்தான் இந்த மனிதர் இப்படி உடைந்து போயிருக்கிறார். எனக்குப் புரியாமலா இருக்கிறது?

ஐயா, உங்களுக்குத்தான் சொல்கிறேன், கேளுங்கள்.

எங்கள் அறை முதலில் பழைய படுக்கைகளைப் போட்டு வைக்கும் கிடங்காக இருந்தது. ஜன்னல் கிடையாது. இயந்திரத்துக்காக எப்போதும் குளிரூட்டியே வைத்திருப்போம். டாக்டர் இரண்டு ஜோடி காலுறை போட்டுக்கொண்டு, எக்ஸ்ரே கதிரைத் தடுக்கும் ஈய ஏப்ரனையும் மாட்டிக்கொண்டு நிற்பார். தொடை வழியாக மெல்லிய கம்பிகளை இதயத்துக்குள் அனுப்பி, அந்தக் குறுக்கு வழி எங்கே என்று தேடுவார். கிடைத்ததும் கால் மிதியை அழுத்துவார். கம்பியின் நுனி சூடாகும், இழை பொசுங்கும், திரையில் அந்தச் சரிவு சட்டென்று நிமிரும். அதைப் பார்க்கக் கொடுத்து வைத்திருக்க வேண்டும்!

ஆரம்ப காலத்தில் ஒரு நடன ஆசிரியை வந்தார். கோடு நிமிர்ந்தது. நாங்கள் எல்லாரும் கைதட்டினோம். டாக்டரும் தட்டினார். கம்பியை உருவினோம், அந்த அம்மாவைச் சிரிக்கச் சிரிக்க வார்டுக்கு அனுப்பினோம். டீ வாங்கி வரச் சொல்லி, அந்த டீ ஆறுவதற்குள் வார்டிலிருந்து மணி அடித்தது. நெஞ்சு மறுபடி தறிகெட்டு ஓடுகிறது! ஓடிப் போய் மருந்து கொடுத்து அடக்கினோம். அதற்குப் பிறகு டாக்டர் என்ன செய்தார் தெரியுமா? நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு அந்த அம்மா பக்கத்தில் உட்கார்ந்தார். "தப்பு என்னோடதும்மா. அந்த இழை சாகல, மயங்கிக் கெடந்துச்சு. நான் இருந்து பார்க்காம எழுந்து வந்துட்டேன்" என்றார். அந்த அம்மாவும் லேசுப்பட்டவரில்லை. "அடுத்த தடவை கைதட்டறதுக்கு முன்னாடி என்னையும் ஒரு வார்த்தை கேளுங்க டாக்டர்" என்றார். இரண்டாம் முறை செய்தார், சரியானது.

மறுநாளிலிருந்து எங்கள் அறைக்கு ஒரு சட்டம் வந்தது. இழை பொசுங்கினாலும் யாரும் கைதட்டக் கூடாது. ஏப்ரனைக் கழற்றக் கூடாது. கம்பியை உருவக் கூடாது. அரை மணி நேரம் எல்லாரும் நின்று திரையைப் பார்க்க வேண்டும். அது திரும்பி வருகிறதா என்று மருந்து கொடுத்தும் சீண்டிப் பார்க்க வேண்டும். அப்படித்தான் அவருக்கு 'அரை மணி டாக்டர்' என்று பெயர் வந்தது. வெளியே எத்தனை பேர் காத்திருந்தாலும் சரி, பெரிய மனிதர் யார் போன் செய்தாலும் சரி. "சார், நேரமாகுது" என்று யாராவது முனகினால் திரையைக் காட்டுவார். "அவசரம் உங்களுக்கு. அதுக்கு இல்லையே!" என்பார்.

இன்னொன்றும் செய்தார். புதிதாக யார் சிகிச்சைக்கு வந்தாலும் அந்த நடன ஆசிரியை கதையை அவரே முதலில் சொல்லிவிடுவார். தான் தோற்ற கதையைத் தானே சொல்லும் டாக்டரை நீங்கள் எங்காவது பார்த்திருக்கிறீர்களா? "எதுக்கு சார் இதெல்லாம்? பயந்து ஓடிடப் போறாங்க" என்று ஒருவர் கோபப்பட்டதும் உண்டு. அதோ, இயக்குநர் ஐயா சிரிக்கிறார். அப்படிக் கோபப்பட்டவர் அவரேதான்! சொல்லுங்கள் ஐயா, யாராவது ஓடினார்களா? ஒருத்தர்கூட ஓடவில்லை. இந்த ஆள் நம்மிடம் மறைக்க மாட்டார் என்று தெரிந்த பிறகு யார் ஓடுவார்கள்?

அந்த அரை மணி நேரம் இருக்கிறதே, அதைச் சொல்லாமல் நான் இந்த மேடையை விட்டு இறங்க மாட்டேன். நோயாளி விழித்துத்தான் இருப்பார். அசையக் கூடாது. பயப்படாமல் இருக்க டாக்டர் கதை சொல்வார். வருடம் முழுக்க அதே கதைகள்தான். ஓட்டுநர் உரிமம் வாங்கப் போன அன்று வண்டியைப் பின்னால் எடுத்து, தேர்வு நடத்தும் அதிகாரியின் சொந்தக் காரிலேயே இடித்த கதை. அக்காவிடம் முதன்முதலில் பேசப் போய், தப்பான வீட்டுக் கதவைத் தட்டி, அங்கே உட்கார்ந்து காபியும் குடித்துவிட்டு வந்த கதை. அக்கா, நிமிர்ந்து பாருங்கள், அது பொய்யில்லைதானே? எல்லாம் எங்களுக்கு மனப்பாடம். அடுத்த வரி என்ன என்று ஏப்ரனுக்குள் நின்றபடி நாங்களே முணுமுணுப்போம். நோயாளிக்குச் சிரிப்பு வந்தால், "சிரிக்காதீங்க, கம்பி ஆடும்" என்று அவரே அதட்டுவார். சிரிக்க வைப்பதும் அவர், அதட்டுவதும் அவர். குளிரில் கை விறைக்க நின்றபோது எப்போது முடியும் என்று சலித்துக்கொண்டேன். இன்று அந்தக் கிடங்கு அறையும் அந்தக் கதைகளும் இன்னொரு முறை கிடைக்காதா என்று ஏங்குகிறேன்.

இவ்வளவும் டாக்டரின் பெருமைதானே, நாளைக்கு அவர் இல்லையே என்றுதானே ஐயா நினைக்கிறீர்கள்? இனிமேல்தான் விஷயத்துக்கு வருகிறேன்.

அக்காவுக்குப் பின்னால் உட்கார்ந்திருக்கிறார் பாருங்கள், எங்கள் இளைய டாக்டர். இந்த அம்மா எங்களிடம் வந்த புதிதில் ஒரு கணக்கு வாத்தியார் சிகிச்சைக்கு வந்தார். அவருடைய குறுக்கு வழி மெயின் லைனை, அதாவது மின்சாரம் இயல்பாகப் போகும் வழியை, ஒட்டியே ஓடியது. கொஞ்சம் தவறினால் மெயின் லைனே பொசுங்கிவிடும். பிறகு ஆயுசு முழுக்க பேஸ்மேக்கர்தான். டாக்டர் மிதியில் கால் வைத்தார். அந்த நொடியில் இந்த அம்மா, "சார், நிறுத்துங்க!" என்று கத்தினார். அறையே திகைத்துவிட்டது. பெரிய டாக்டரைப் பார்த்து அப்படி யார் கத்துவார்கள்? அவர் ஏன் என்றுகூடக் கேட்கவில்லை. காலை எடுத்துவிட்டுத்தான் திரையைப் பார்த்தார். கம்பி மயிரிழை நழுவி மெயின் லைன் பக்கம் போயிருந்தது.

அத்தோடு அன்று நிறுத்திவிட்டார். வெளியே போய் வாத்தியாரின் மனைவியிடம், "இன்னைக்கு நான் செய்யலம்மா. நிறுத்தச் சொன்னது இந்த டாக்டர். நன்றியை அவங்களுக்குச் சொல்லுங்க" என்றார். பிறகு சூட்டுக்குப் பதிலாகக் குளிரால் இழையை உறைய வைத்து அழிக்கும் கருவி வந்ததும் அதே வாத்தியாரைக் கூப்பிட்டார். சிகிச்சை செய்தது யார்? இந்த அம்மாதான். டாக்டர் கதை சொன்னார். அதன் பிறகு கொஞ்சம் கொஞ்சமாக மிதி அவர் காலிலிருந்து இந்த அம்மா காலுக்கு மாறியது. வெளியில் யாருக்கும் தெரியாது, சொல்லிக்கொள்ளவும் இல்லை. இந்த மண்டபத்தில் "டாக்டர் கைராசி" என்று அழுகிறவர்களில் பல பேருக்கு இழையைப் பொசுக்கிய கை இந்த அம்மாவுடையது. கோபித்துக்கொள்ளாதீர்கள், உண்மையைத்தான் சொல்கிறேன்.

நுரையீரலில் சளி கட்டி டாக்டர் படுத்திருந்தபோது அவரைப் பார்க்கப் போனேன். மூச்சு வாங்க வாங்க உங்கள் மகளைப் பற்றித்தான் பேசினார் ஐயா. "ஹெட்மிஸ்ட்ரஸ், வேன் பொண்ணு கேஸைத் தள்ளிப் போட்றாதீங்க. எப்படியும் அதைச் செய்யப் போறது நானில்ல, அவங்கதான். நான் கதை சொல்லத்தான் வர்றதா இருந்தேன்" என்றார். அவரிடம் நான் கேட்ட கடைசிப் பேச்சு இதுதான். நீங்கள் யாரை நம்பினீர்களோ, அவர் உங்கள் மகளை யாரிடம் ஒப்படைத்தார் என்பதை இந்தச் சபை அறியச் சொல்லிவிட்டேன்.

எங்களை விட்டுப் போயே போய்விட்டீர்களே டாக்டர்! உங்களுக்கு நாங்கள் சிலை வைக்கப் போவதில்லை, அறைக்கு உங்கள் பெயரைச் சூட்டப் போவதும் இல்லை. நீங்கள் அதையெல்லாம் பார்த்தால் சிரிப்பீர்கள். நாங்கள் உறுதி சொல்வது இவ்வளவுதான். நெஞ்சு படபடக்கிறது என்று வரும் எவரையும் ஈசிஜி எடுக்காமல் "டென்ஷன்" என்று திருப்பி அனுப்ப மாட்டோம். எங்கள் தோல்வியை நோயாளியிடம் மறைக்க மாட்டோம். எவ்வளவு கூட்டம் நின்றாலும் அரை மணி நேரத்தில் ஒரு நிமிடம் குறைக்க மாட்டோம். இயக்குநர் ஐயா, நீங்களும் கேட்டுக்கொள்ளுங்கள்.

எலக்ட்ரீஷியன் ஐயா, நான் பேசி முடித்துவிட்டேன். இப்போது சொல்லுங்கள், பேரை எடுக்கவா?

என்ன, எழுந்து நிற்கிறீர்கள்... காதில் விழவில்லை. யாராவது அவரிடம் மைக்கைக் கொடுங்கள். அழாதீர்கள் ஐயா, மெதுவாகச் சொல்லுங்கள்.

"எத்தனை மணிக்குக் கூட்டிட்டு வரணும் சிஸ்டர்?" என்று கேட்கிறார்.

ஏழு மணிக்கு. இன்றிரவு சீக்கிரமே சாப்பிட வைத்துவிடுங்கள். காலையில் வெறும் வயிறாக இருக்க வேண்டும்.