கம்பி கட்டிய வாய்க்கு

— மீன் தின்னு வளந்த ஒடம்பு அது. அதுக்குப் போயி இன்னாத்த கரைச்சி ஊத்தினுக்கீற நீ?

— வாழப்பழம், சப்போட்டா, பாதாம். கொஞ்சம் வேர்க்கடல. ஒக்காரு அண்ணி.

— நான் ஒக்கார வர்ல. தெர்தா?

தம்பி ஸ்டீபனுக்காக மடவை மீன் குழம்பு வைத்து எடுத்துக்கொண்டு, சுண்ணாம்புக்குளத்திலிருந்து லைட்ஹவுஸ் குப்பம் வரை பஸ் மாறி வந்திருந்தாள் எலிசபெத். படகில் வழுக்கி என்ஜின்மேல் விழுந்து அவன் தாடை உடைந்துவிட்டதாகவும், மேல் பல்லையும் கீழ்ப் பல்லையும் சேர்த்துக் கம்பி கட்டியிருப்பதாகவும் கேள்விப்பட்டதிலிருந்து அவளுக்குச் சோறு இறங்கவில்லை. இப்போது கட்டிலில் சாய்ந்திருந்தவனை மேலும் கீழுமாகப் பார்த்தாள். சட்டை தொளதொளவென்று தொங்கியது. அவன் அக்காவின் முகத்தை நேராகப் பார்க்கவில்லை.

அவன் மனைவி ரோஸ்மேரி, ஊறிய பாதாமை ஒவ்வொன்றாகப் பிதுக்கித் தோலுரித்துக்கொண்டிருந்தாள்.

— கொயம்பையும் அதுல ஊத்தி அடி. முள்ள நான் ஆஞ்சித் தரேன்.

— ஒரு முள்ளு தப்பிச்சி கம்பில மாட்டுச்சின்னா யாரு எடுக்கிறது? வாந்தி வந்தாலும் வாயத் தொறக்க முடியாது, பாத்து குடுன்னு நர்சம்மா சொல்லிக்கீறாங்க.

பழத்தையும் பருப்பையும் பாலோடு சேர்த்துப் போட்டு ரோஸ்மேரி மிக்ஸியை ஓடவிட்டாள். அந்த இரைச்சலுக்கு மேல் எலிசபெத் பேசிக்கொண்டே இருந்தாள். அம்மா இருந்திருந்தால் தம்பி இப்படி இளைத்திருப்பானா என்றாள். கடலுக்குப் போகிற ஆம்பளையைக் கைக்குழந்தை போலப் படுக்க வைத்துவிட்டாயே என்றாள். மிக்ஸி நின்ற பிறகு, பஸ்ஸிலிருந்தே மனசுக்குள் வைத்திருந்ததையும் சொல்லிவிட்டாள்.

— மீன் ஏலத்துல அவன் ஒரு வார்த்த வுட்டுட்டான். அத மனசுல வெச்சிக்கினுதான் எந்தம்பிய இப்டி காயப் போட்டுக்கீற.

அந்த ஒரு வார்த்தை ஊருக்கே தெரியும். போன மாதம் ஏலம் நடக்கும் இடத்தில், குடித்துவிட்டு, மகள் நிவேதா தனக்குப் பிறந்தவளே இல்லை என்று ஸ்டீபன் கத்தியிருந்தான். பிளஸ் டூ படிக்கிற பெண். அன்றிலிருந்து பள்ளிக்கூடம் போகவில்லை. உள்ளறைக் கதவு இப்போதும் சாத்தியே இருந்தது. செய்தி காதுக்கு வந்தபோது எலிசபெத் தம்பியை ஒரு சொல் கண்டிக்கவில்லை. இருக்குமோ என்றுகூட நினைத்தாள்.

ரோஸ்மேரி அரைத்ததை வெள்ளைத் துணியில் ஊற்றி, திப்பி நிற்கும்படி பிழிந்து வடித்தாள்.

— என்கூட அனுப்பு. நான் பாத்துக்கிறேன் அவன.

— அனுப்ப மாட்டேன்.

— அனுப்பாம? படகுல வுயுந்தவன வூட்ல வெச்சி சாவடிக்கப் போறியா?

— அவரு படகுல வுழல அண்ணி.

எலிசபெத்துக்கு முதலில் விளங்கவில்லை. ரோஸ்மேரி குரலை உயர்த்தாமல், வடிகட்டியதை டம்ளரில் ஊற்றிக்கொண்டே சொன்னாள்.

— ஏலத்துல பேசுனது பத்தலன்னு வூட்டுக்கு வந்தாரு. நிவேதாவ இஸ்து எதிர்ல நிக்க வெச்சி, உன் அப்பன் யாருன்னு ஆத்தாள கேளுன்னாரு. அவ நடுங்கிக்கினு நிக்கிறா. துடுப்பு கதவாண்ட இருந்துச்சி. எடுத்து அடிச்சேன்.

பொய் என்று தம்பி தலையாட்டுவான் என எலிசபெத் காத்திருந்தாள். அவன் சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டான். ரோஸ்மேரி அவன் தோளைப் பிடித்து நிமிர்த்தி, உதட்டோரம் ஸ்ட்ராவை வைத்தாள். அவன் உறிஞ்சினான். மோவாயில் வழிந்ததை முந்தானையால் துடைத்தாள். அதில் அன்பு இருக்கிறதா வெறுப்பு இருக்கிறதா என்று எலிசபெத்தால் சொல்ல முடியவில்லை. கட்டிலருகே வந்து கேட்டாள்.

— தாடைய ஒடச்சவ எதுக்குடி பாதாம் உரிச்சி ஊட்டினுக்கீற?

— இந்த வாய் நல்லாவணும் அண்ணி. ஏலத்துல அதே எடத்துல நின்னு, நிவேதா எம்பொண்ணுன்னு இந்த வாய் சொல்லணும். அன்னிக்கு வா, ஒந்தம்பிய இட்டுக்கினு போ.