எறங்குன பக்கம்

பையை அந்தப் பெஞ்சு மேல வைங்க சார், தரை ஈரம். டீ இல்ல. இன்னிக்கு அடுப்புப் பத்த வைக்கல. உக்காருங்க. நேத்து சுத்தியலால பாறையைத் தட்டித் தட்டி ஒண்ணு சொன்னீங்களே, அதை நான் புரிஞ்சுக்கிட்டபடி சொல்றேன், தப்புன்னா திருத்துங்க.

பூமி ஒரே பலகை இல்ல. பெரிய பெரிய பலகையா, ஒண்ணையொண்ணு நெருக்கிக்கிட்டுக் கெடக்கு. அந்த நெருக்கல்ல இங்க பாறை வெடிச்சுப்போச்சு. வெடிச்ச ரெண்டு பக்கமும் விட்டுக் குடுக்காம முட்டிக்கிட்டே நிக்கும். தாங்க முடியாம ஒருநாள் படக்குன்னு ஒரு பக்கம் எறங்கிடும். அப்படிப் பல தடவை எறங்கி எறங்கித்தான் இந்த மலையில படி விழுந்துச்சு. ஆறு வந்து அதுல குதிக்குது. சரிதானே? ம். நான் படிச்ச படிப்புக்கு இவ்வளவு போதும்.

எங்க வீட்டுலயும் இதே கதைதான் சார். இந்த டீக்கடை எனக்கும் தம்பிக்கும் பொது. கீழ குளிக்கிற எடத்துலதான் கூட்டம்னு, என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லாம பெரிய அடுப்பையும் பாய்லரையும் தூக்கிட்டு எறங்கிட்டான். நான் ஒரு கல்யாணத்துக்குப் போயிட்டு வந்து பாக்குறேன், அடுப்பு இருந்த எடத்துல வெறும் கரி வட்டம். இந்தா, இன்னும் தெரியுது பாருங்க. நான் தேய்க்கல. எதுக்குத் தேய்க்கணும்?

என்னது, பேசித் தீத்திருக்கலாமா? என் பொண்டாட்டியும் இதையேதான் பாடுனா. நீங்கதானே மூத்தவரு, கொஞ்சம் எறங்கி வாங்கன்னு. எறங்கிப் போனவன் அவன், எறங்கி வர வேண்டியவன் நானா? வேணும்னா ஏறி வரட்டும்னுட்டேன். இங்கேருந்து பாத்தா அவன் மண்டை தெரியும். மொதல்ல கருப்பாத் தெரிஞ்சுது, அப்புறம் வழுக்கையாத் தெரிஞ்சுது. அவ்ளோதான் எங்க ஒறவு.

அருவி பின்னால நகருதுன்னு வேற சொன்னீங்க. அடிப்பாறை கெட்டியில்ல, தண்ணி அதை அரிக்க அரிக்க மேல்பாறை ஒடைஞ்சு விழும்னு. அப்போ இந்தக் கடையும் ஒருநாள் கீழதான். நான் எறங்காட்டியும் மலை எறக்கிடும்.

கீழயா? ஆமா, கூட்டம்தான். குளிக்க வந்த கூட்டம் இல்ல சார். யாரு தலையாவது நனைஞ்சிருக்கா பாருங்க. தம்பி போயிட்டான், விடியக்காலைல. அண்ணன் வந்தாத்தான் எடுப்போம்னு வச்சிருக்காங்க.

அழுகையா? வரல. கோபமும் அப்படியேதான் இருக்கு.

படியெல்லாம் பாசி புடிச்சிருக்கும். எனக்கு எறங்கிப் பழக்கமில்ல. நீங்க முன்னால போங்க, தோளைப் புடிச்சுக்கிறேன்.