மடித்து வைத்த சட்டை

சட்டையை மடிக்கும்போது பலரும் செய்கிற தவறு, பொத்தான் போடாமல் மடிப்பது. மேலே ஒன்று, நடுவில் ஒன்று, கீழே ஒன்று போட்டால்தான் காலர் நிமிர்ந்து நிற்கும். கடைசியில் சட்டையின் இடது கை நுனியை வலது கைக்குள் செருகிவிடுவேன். யாரும் சொல்லித்தரவில்லை, அது என் பழக்கம்.

சலவைக் கடையில் எனக்கு இஸ்திரி மேசை, தம்பிக்குத் துவைக்கிற வேலை. அவன் துண்டு மடித்தால் நாய் படுத்து எழுந்த மாதிரி இருக்கும். அதைச் சொல்லிச் சொல்லிச் சிரிப்போம், அவனும் சேர்ந்து சிரிப்பான்.

அன்று கடை அடைக்கிற நேரம். தம்பி முன்னாலேயே கிளம்பிவிட்டான். இஸ்திரி போட மெஷின் வருகிறது என்றார் முதலாளி. "நாளையிலேருந்து நீங்க வர வேண்டாம். தம்பி மட்டும் போதும்." கோபமாகச் சொல்லவில்லை ஐயா, நல்ல மனிதர். அடிப்பதற்காக நான் இஸ்திரிப் பெட்டியை எடுக்கவில்லை. ஏற்கெனவே கையில்தான் இருந்தது.

ஆணியில் தம்பியின் பழைய சட்டை தொங்கியது. அதை எடுத்துத்தான் எல்லாவற்றையும் துடைத்தேன். பின்னறையில் அவனுடைய தகரப் பெட்டி இருந்தது, அதற்குள் அடியில் வைத்தேன். எரித்திருக்கலாம், தோன்றவில்லை. மறுநாள் இன்ஸ்பெக்டர் பெட்டி யாருடையது என்று கேட்டார். உள்ளதைச் சொன்னேன்.

சட்டையைத் தம்பியிடம் காட்டினார்கள். அவன் அந்தக் கை நுனியைப் பார்த்தான், பிறகு என்னைப் பார்த்தான். "என் சட்டைதாங்க" என்றான். அதற்கு மேல் பேசவில்லை. தாயும் பிள்ளையும் ஆனாலும் வாயும் வயிறும் வேறு. எனக்கு இரண்டு பெண்கள், அவனுக்குக் குழந்தை இல்லை. அதை நினைத்துத்தான் பேசாமல் இருக்கிறான் என்று எடுத்துக்கொண்டேன்.

தம்பி மேல் குற்றப்பத்திரிகை தாக்கலானது. தம்பி மனைவி மட்டும் விடவில்லை. பெட்டிக்குள் சட்டை கிடந்த போட்டோவை என்னிடம் கொண்டுவந்து நீட்டினாள்.

"பதறி ஓடினாருன்னு போலீஸ் எழுதியிருக்கு. துண்டுகூட மடிக்கத் தெரியாத மனுஷன், சட்டையை இப்படி மடிச்சு வெச்சிட்டா ஓடினாரு, மாமா?"

நியாயமான கேள்விதான் என்றேன். வக்கீலிடம் அவளைக் கூட்டிப்போனதே நான்தான். மறுவிசாரணை கேட்டு மனுப் போட்டோம். குற்றப்பத்திரிகை போட்டாயிற்று, இனி எதுவானாலும் வழக்கு நடக்கும்போது சொல்லிக்கொள்ளட்டும் என்றார் அரசு வக்கீல். குற்றப்பத்திரிகை போட்டதால் உண்மைக்குக் கதவு மூடிவிடாது என்றார் நீதிபதி. வேறு அதிகாரி விசாரிக்க உத்தரவானது.

உத்தரவு வந்த வாரமே சிறை ஆஸ்பத்திரியில் மஞ்சள் காமாலையில் தம்பி போய்விட்டான். தேம்பித் தேம்பி அழுதேன். பொய் அழுகை இல்லை, தான் ஆடாவிட்டாலும் தன் சதை ஆடும். அவனுக்குக் கடைசியாகப் போட்டுவிட்ட சட்டையைக்கூட நான்தான் தேய்த்துக் கொடுத்தேன்.

அப்புறம் வழக்கை விசாரிக்க நீங்கள் வந்தீர்கள். நேற்று ஒரு கசங்கிய சட்டையை என் முன்னால் போட்டுவிட்டுத் தண்ணீர் குடிக்கப் போனீர்கள். திரும்பி வந்தபோது அது மடித்து இருந்தது. நான் மடித்ததாக எனக்கு ஞாபகமே இல்லை. நீங்கள் அதன் இடது கை நுனியை இழுத்துப் பார்த்தீர்கள்.

முதலாளியைக் கொன்றது நான்தான், எழுதிக்கொள்ளுங்கள். இதையும் சேர்த்து எழுதுங்கள் ஐயா. தம்பி ஒரு வார்த்தை கேட்டிருந்தால் அன்றைக்கே சொல்லியிருப்பேன். அவன் கேட்கவே இல்லை.