இதே மூஞ்சி

குளோனிங்கில் செம்மறியாடு பிறந்த செய்தி வந்த சமயம். பெங்களூரு கால்நடை ஆஸ்பத்திரி வரிசையில் எனக்கு முன்னால் நீலசந்திரா பகுதியிலிருந்து வந்த ஒரு தம்பதி. மனைவி கையில் கிழட்டு நாய். வலியில்லாமல் சாக ஊசி போடக் கொண்டுவந்திருந்தார்கள்.

"அந்த ஆட்ட செஞ்சாங்களே, நம்ம மணியையும் செய்வாங்களான்னு டாக்டர கேளுங்க."

"எத்தனையோ கரு வீணாப் போயி ஒண்ணுதான் பொழைச்சுதாம், லட்சுமி."

"பொழைச்சா இதே மூஞ்சிதானே?"

"மூஞ்சி இதேதான். ஆனா நீ ஜுரத்துல கெடந்தப்ப கட்டிலுக்கடியிலயே படுத்துக் கெடந்துச்சே, அதெல்லாம் அதுக்குத் தெரியாது."

லட்சுமி நாயின் காதை வருடிக்கொண்டே இருந்தார்.

"அப்ப வேணாங்க. இதே மூஞ்சி என்னப் பாத்து யாரோன்னு கொலைச்சா தாங்க மாட்டேன்."

உள்ளேயிருந்து கன்னடத்தில் கூப்பிட்டார்கள். கணவர் கைநீட்டினார். லட்சுமி கொடுக்காமல், தானே தூக்கிக்கொண்டு போனார்.