பிங்கிக்கு ஒரு நல்ல இடம்

வேதாந்தம்: ...அதான் கேக்கறேன். பையனுக்கு என்ன வயசு?

தேவானை: ரெண்டு முடிஞ்சு மூணு நடக்குது சார்.

வேதாந்தம்: ம்... எங்க பிங்கிக்கு ஒன்றரை. சரியாத்தான் இருக்கு. வியாதி வெக்கைன்னு எதாவது?

தேவானை: ஒண்ணும் கெடையாது. கல்லத் துன்னாலும் செரிச்சிடும்.

வேதாந்தம்: கல்லையா?

லாரன்ஸ்: அய்ய... ஒரு பேச்சுக்குச் சொல்லுது சார். இம்போர்ட்டட் பிஸ்கெட்டு தவுர வேற தொடாது.

வேதாந்தம்: லாரன்ஸ், நீ செக்யூரிட்டி. போய் கேட்டைப் பாரு.

லாரன்ஸ்: கேட்டு எங்க சார் போவப்போவுது? அங்கியேதான் கீது.

வேதாந்தம்: தேவானை, நாயை இப்படித் திருப்பு. மூஞ்சியைப் பாக்கணும். ஆஹா... நெத்தியைப் பாத்தியா லாரன்ஸ்! ஜாதி நாய்ன்னா மூஞ்சியிலயே எழுதி ஒட்டியிருக்கும்.

தேவானை: எழுதிக்கீதா? நான் வாரம் ரெண்டு வாட்டி குளிப்பாட்டுறேன், என் கண்ணுல ஒண்ணும் படலியே சார்.

வேதாந்தம்: உனக்குத் தெரியாது. அதுக்கு ஒரு பார்வை வேணும். முப்பத்தாறு வருஷம் ஆபீஸ்ல ஆளெடுத்தவன் நான். உள்ள நுழையறச்சேயே எப்பேர்ப்பட்ட எடத்துப் பிள்ளைன்னு சொல்லிடுவேன். ஆமா, பேரு என்ன சொன்னே?

தேவானை: மணி.

வேதாந்தம்: மணியா?

லாரன்ஸ்: மாண்டி சார், மாண்டி. யக்காவுக்கு வாயில நொழயல.

வேதாந்தம்: அதானே பாத்தேன். மாண்டி என்ன ஜாதி?

தேவானை: ஜாதியா? அது...

லாரன்ஸ்: ...ஹங்கேரி சார்.

வேதாந்தம்: ஹங்கேரியா! நெனைச்சேன்.

தேவானை: டேய், அது எங்கடா கீது?

லாரன்ஸ்: கம்முனு இருக்கா.

வேதாந்தம்: என்ன அங்க முணுமுணுப்பு?

லாரன்ஸ்: ஒண்ணுமில்ல சார். ஹங்கேரில எந்த ஏரியான்னு கேக்குது.

வேதாந்தம்: அங்கெல்லாம் நாய்க்குக்கூட வம்சம் எழுதி வெச்சிருப்பா. பிங்கிக்கும் இருக்கு. ஏழு தலைமுறைக்கு முத்திரை குத்தின சர்டிஃபிகேட்! அவ தாத்தா ஊட்டி டாக் ஷோல கப் வாங்கினவன்.

தேவானை: என்னை ஆத்தோரக் குடிசைலேர்ந்து தூக்கி ஊருக்கு வெளிய பெரும்பாக்கத்துல போட்டானுங்க. ரேஷன் கார்டுல அட்ரஸ் மாத்தவே மூணு வருசம் அலைய வுட்டாங்க சார். நாய்க்கு ஏழு தலமொறையா!

வேதாந்தம்: அது வேற, இது வேற. சாப்பாடு எப்படி... சைவமா?

தேவானை: எங்கூட இருக்கசொல்ல சைவந்தான். வெளிய எப்டின்னு தெரியாது.

வேதாந்தம்: வெள்ளிக்கிழமையாவது?

தேவானை: சொல்லி வெக்கிறேன் சார். உங்க வூட்டு மாமி காப்பிக்குக் காத்துனு இருப்பாங்க, நான் மேல போறேன். லிஃப்ட்டு வந்துச்சு பாரு.

வேதாந்தம்: இரு இரு. நாயில்லாம நீ இந்த லிஃப்ட்ல ஏறப்படாது.

தேவானை: கவுறு கையிலதான் சார் கீது. எங்களுக்குத் தெரியாதா? ‘வீட்டு வேலை செய்வோர் சர்வீஸ் லிஃப்ட்டை மட்டும் பயன்படுத்தவும். வளர்ப்புப் பிராணிகளும் அவற்றைப் பிடித்து வருவோரும் இந்த லிஃப்ட்டில் வரலாம்.’ எம் பொண்ணு படிச்சுச் சொல்லிச்சு.

வேதாந்தம்: செக்ரட்டரிங்கற முறையில நானே எழுதினது. ஒரு கமா மாத்தச் சொல்லலை கமிட்டியில.

லாரன்ஸ்: சர்வீஸ் லிஃப்ட்டுதான் ஆடி மாசத்துலேர்ந்து ரிப்பேரு சார்.

வேதாந்தம்: பார்ட்ஸ் வரணும்.

தேவானை: இப்ப ஐப்பசி சார். நல்லவேள, மணி இருந்தான்... மாண்டி. ஒண்ணு சொல்லட்டா? லிஃப்ட்டுல ஏறுறவங்க எல்லாரும் இதுக்கு குட்மார்னிங் சொல்றாங்க. கவுத்துக்கு இந்தாண்ட ஒருத்தி நிக்கிறாளேன்னு ஒரு பார்வ கெடையாது.

லாரன்ஸ்: மேல போனப்புறம் சொல்வாங்கக்கா, ‘இன்னா தேவானை லேட்டு’ன்னு.

வேதாந்தம்: எதுக்கெடுத்தாலும் குறை. படி ஏறினா உடம்புக்கு நல்லதும்மா. நான் ஏறலையா? போன வருஷம் லண்டன்ல ஆறு மாடி ஏறினேன், தெரியுமோ?

தேவானை: அங்கயும் லிஃப்ட்டு ரிப்பேரா?

வேதாந்தம்: ...இல்லை.

தேவானை: அப்பறம் இன்னாத்துக்கு ஏறுனீங்க?

வேதாந்தம்: அது... என் பிள்ளையோட சிநேகிதன் ஆத்துல விருந்து. பிள்ளை காரை நிறுத்தப் போயிட்டான். என் கையில சாம்பார் தூக்கு. வாசல்ல கோட்டுப் போட்டுண்டு ஒருத்தன், ‘சமையல்காரா பின்பக்கமா போ’ன்னுட்டான்.

லாரன்ஸ்: உங்களையா சார்?

வேதாந்தம்: என்னையேதான்!

தேவானை: மூஞ்சியில எழுதிக்கீறத அவன் படிக்கலியா சார்?

வேதாந்தம்: அவனுக்கு எங்க படிக்கத் தெரியும்! அங்கயும் எல்லாம் உண்டும்மா. பிரபு, அவனுக்குக் கீழ ஒருத்தன், அவனுக்குக் கீழ இன்னொருத்தன். வாயைத் திறந்து ரெண்டு வார்த்தை பேசினா, தாத்தா சுரங்கத்துல வேலை பாத்தாரா, மாளிகையில இருந்தாரான்னு கண்டுபிடிச்சுடுவா. பின்பக்கம் போனா, குப்பை ஏத்தற லிஃப்ட். நாத்தம். அதுல நான் ஏறுவேனா? விடுவிடுன்னு படியில ஏறிட்டேன்.

தேவானை: முட்டி வலிச்சுதா சார்?

வேதாந்தம்: ...ரெண்டு நாள். யார்கிட்டயும் சொல்லலை. மாமிக்குக்கூடத் தெரியாது.

தேவானை: அய்யோ பாவமே... அவ்ளோ பட்டுட்டு வந்தா இந்த நோட்டீச ஒட்டுனீங்க?

வேதாந்தம்: அங்க இருந்த நோட்டீஸைப் பாத்துத்தானே எழுதினேன்! ஒவ்வொரு மாடியிலயும் ஒட்டியிருந்தான். ஏறிண்டே மனப்பாடம் பண்ணிட்டேன். என்ன அருமையான இங்கிலீஷ்!

லாரன்ஸ்: யப்பா சாமி...

வேதாந்தம்: பேச்சை மாத்தாதீங்கோ. மாண்டி யாராத்து நாய்? சம்பந்தம்னா பெரியவாகிட்டன்னா பேசணும்?

தேவானை: ஒம்போதாவது மாடி சார். நான் வாக்கிங் கூட்டினு போயி வுடறதோட சரி.

வேதாந்தம்: ஒன்பதுல யாரு?

லாரன்ஸ்: மாணிக்கவாசகம் சாரு.

வேதாந்தம்: தி. நகர்ல நகைக்கடை வெச்சிருக்காரே, அவரா? அவருக்கு நாய் மயிர் பட்டாலே தும்மல் வருமே! பில்டிங்ல நாயே கூடாதுன்னு மீட்டிங்ல கத்தினவராச்சே!

லாரன்ஸ்: அது... நம்மூரு நாய்க்குத்தான் சார் தும்முவாரு. ஹங்கேரிக்கு வராது.

வேதாந்தம்: அப்படியா? இரு, இப்பவே ஃபோன் போடறேன். நேத்து தூரத்துலேர்ந்து நடையைப் பாத்தே ஃபாரின்னு தெரிஞ்சுடுத்து, பில்டிங் வாட்ஸ்அப் குரூப்ல வேற உடனே போட்டுட்டேன், ‘பிங்கிக்கு ஃபாரின் வரன் குதிர்ந்தது’ன்னு. நாப்பத்திரண்டு பேர் வாழ்த்து அனுப்பிட்டா.

தேவானை: சார், சார்... பூசையில இருப்பாரு சார்.

வேதாந்தம்: ரிங் போறது...

சந்திரிகா: ஏன்னா, ஃபோனை வைங்கோ.

வேதாந்தம்: சந்திரிகா! நீ எங்க கீழ வந்தே? பிங்கியை வேற அழைச்சுண்டு... பெரியவா பேசி முடிக்கறதுக்கு முன்னாடி பொண்ணைக் காட்டலாமோ?

சந்திரிகா: மணி எட்டரை. இன்னும் எனக்கு காபி வரலை. வந்து பாத்தா, கலந்து தர்றவளை நீங்க லிஃப்ட் வாசல்ல நிறுத்தி வெச்சுண்டிருக்கேள். ஃபோனை வைங்கோன்னேன்.

வேதாந்தம்: ...வெச்சுட்டேன்.

தேவானை: மாமி, நான் ஒரு வார்த்த வாயத் தொறக்கல.

சந்திரிகா: நீ திறக்க வேண்டாம், நான் சொல்றேன். அந்த நாய் ஃபாரினும் இல்லை, ஒன்பதாம் மாடியும் இல்லை. சைதாப்பேட்டை கோர்ட் வாசல்ல டீக்கடையோரமா படுத்துண்டிருந்தது. காலையில தேவானையோட பஸ்ல... இல்லை, ஷேர் ஆட்டோவுல வரது.

வேதாந்தம்: தெருநாயா? அப்ப... அந்த நெத்தி?

லாரன்ஸ்: அது ஷேர் ஆட்டோ கம்பியில இடிச்சுகினு வீங்கிப்போச்சு சார்.

வேதாந்தம்: டேய்! நீயும் கூட்டா?

லாரன்ஸ்: தண்ணி டேங்கு பாக்க நானும் தெனம் நாலு தபா மொட்ட மாடிக்குப் போவணும் சார். பேப்பர் போடுறவரு, இஸ்திரிக்காரரு... எல்லாரும் மாத்தி மாத்தி இதத்தான் புடிச்சுகினு போறோம். பாவம், ஒரு நாளிக்கு இருவது வாட்டி ஏறி எறங்குது. லிஃப்ட்டுலயே தூங்குது சார்.

சந்திரிகா: பெல்ட்டு வாங்கிக் குடுத்தது நான்தான். இவ ஏழு மாடி ஏறி, மூச்சு வாங்கி, அடுப்பைப் பத்த வெக்கறதுக்குள்ள ஒன்பதரை. எத்தனை நாள்தான் காபி இல்லாம இருக்கறது?

தேவானை: எம்மேல எரக்கப்பட்டுச் செஞ்சீங்கன்னு நெனச்சேன் மாமி.

சந்திரிகா: அதுவும்தான்டி.

வேதாந்தம்: போதும்! இனிமே நீயும் ஏறப்படாது, நாயும் ஏறப்படாது. இன்னிக்கே வேற நோட்டீஸ் எழுதறேன். ஏழு தலைமுறை வம்சத்துல... சைதாப்பேட்டையா? இந்தச் சம்பந்தம் கேன்சல்! பிங்கி கிட்ட அது... ஏய், அது ஏன் பிங்கி காதை நக்கறது? பிங்கி! வாலை ஆட்டாதே!

தேவானை: மாமி... சொல்லிடலாமா?

வேதாந்தம்: இன்னும் என்ன பாக்கி?

சந்திரிகா: இருக்கற நோட்டீஸைக் கிழிங்கோன்னா. மாப்பிள்ளை எந்த ஊர்னு குரூப்ல யாருக்கும் தெரிய வேண்டாம்னா, நாளையிலேர்ந்து எல்லாரும் வெறுங்கையோட இந்த லிஃப்ட்லயே வரட்டும். அந்தப் பிராணியும் கொஞ்சம் தூங்கட்டும். அப்பறம், சம்பந்தத்தைக் கேன்சல் பண்ணவெல்லாம் முடியாது... போன மாசம் மொட்டை மாடியில நான் ஒரு புடவையை உதறிக் காயப்போட்டுட்டுத் திரும்பறதுக்குள்ள அவாளே பேசி முடிச்சுண்டுட்டா. நேத்து டாக்டர் ஸ்கேன் எடுத்தார், அஞ்சு குட்டியாம். உங்க பிங்கி முழுகாம இருக்கா.