முதுகில்லாத கேமரா

அலமாரிக் கதவிடுக்கில் நீலத் துப்பட்டாவின் ஒரு நுனி. அதைப் பற்றிச் சொல்லத்தான் இந்த மேடை ஏறியிருக்கிறேன், அவைக்குத் தலைமை தாங்கும் ஐயா அவர்களே, முன்வரிசையை நிறைத்திருக்கும் பெரியோர்களே, பிள்ளையை மடியில் தட்டிக்கொண்டே எனக்கும் காது கொடுக்கும் தாய்மார்களே, அனைவருக்கும் என் அன்பு வணக்கம்!

பின்வரிசை அம்மா, "சத்தமா பேசு கண்ணு" என்கிறார். பேசுகிறேன் அம்மா. எழுந்து பாடம் வாசிக்கச் சொன்னாலே நாக்கு ஒட்டிக்கொள்ளும் என்பதால் பள்ளியைப் பாதியில் விட்டவள் நான். என்னைப் போய் முதுகே இல்லாத கேமராவுக்கு முன்னே நிறுத்தினார் இயக்குநர் அக்கா! முன்னே என்று எப்படிச் சொல்வேன்? நாற்புறமும் அதற்குக் கண். இன்று நீங்கள் கண்ணில் கருவி மாட்டி, தலையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தீர்களே, அந்தப் படம் அதில் எடுத்ததுதான். அது ஓடும்போது நடிப்பவரைத் தவிர யாரும் அறையில் நிற்க முடியாது.

கதையில் வீட்டார் என்னை அறையில் பூட்டுகிறார்கள். சும்மா சாத்துவோம், தட்டினால் திறப்போம் என்று அக்கா சொல்லியிருந்தார். சாத்தினார்கள். வெளியே பூட்டு விழுந்தது. தட்டினேன், திறக்கவில்லை. கத்தினேன், திறக்கவில்லை. "அக்கா" என்று அழைத்தேன். கதையில் எனக்கு அக்காவே கிடையாது!

சிரிக்கிறீர்கள். நான் அழுதேன். அப்போதுதான் அலமாரிக் கதவிடுக்கில் அந்த நீல நுனியைக் கண்டேன், அக்காவின் துப்பட்டா. என்னை ஏமாற்றத் துணிந்த மனம், என்னைத் தனியே விட்டுப் போகத் துணியவில்லையே! கோபம் வந்ததா? வந்தது. ஆறுதல் வந்ததா? அதுவும் வந்தது. இரண்டுக்கும் சேர்த்து அழுதேன்.

அலமாரி திறந்தது. அக்கா வந்து என் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தார். ஒளிப்பதிவாளர் அண்ணன் ஓடிவந்து தலையில் கை வைத்துக்கொண்டார். இப்படியொரு பயம் இனி வருமா, அக்காவை மட்டும் படத்திலிருந்து அழித்துவிடலாமே என்றார்.

"வராட்டி போகுது தம்பி. கேக்காம எடுத்தது, மொத்தமா அழிச்சிடு." என்ற அக்கா, பிறகு என்னிடம் திரும்பினார். "சொல்லாம பூட்டினது தப்புடா. நீ வேணாம்னா இந்தக் காட்சியே வேணாம்."

அவையோரே, படத்துக்குப் பயம் வேண்டுமா? கேளுங்கள், தருகிறோம். கண்ணீர் வேண்டுமா? கேளுங்கள், தருகிறோம். கேட்டுப் பெற்றால் அது நடிப்பு. கேட்காமல் எடுத்தால் அது பறிப்பு!

நன்றியை இப்போதே சொல்லிவிடுகிறேன், கடைசி வரிக்குப் பிறகு எனக்குப் பேச்சு வராது. பொறுமையாகக் கேட்ட எல்லோருக்கும் நன்றி, வணக்கம்.

அன்று, காட்சியை மறுபடி எடுப்போம், அக்கா அலமாரிக்குள் போகட்டும் என்றேன். போனார். துப்பட்டா மறுபடி வெளியே தொங்கியது. அதை உள்ளே தள்ளி, அலமாரியைச் சாத்தினேன். ஒளிப்பதிவாளர் அண்ணன் அறைக்கு வெளியே போனார்.

"பூட்டுங்கண்ணே" என்றேன்.